சொந்த 3டிஎஸ், பிஎஸ்பி கேம்களை பேக்கப் எடுக்கிறது: முதல்ல சேவ் பைல், பிறகுதான் கேம்

கல்லடியான்

எங்கட பக்கத்து வீடுகள்ல 3டிஎஸ்ஸும் (நின்டெண்டோ செய்த கையடக்க கேம் மெசின்) பிஎஸ்பியும் (சோனி செய்தது) இன்னும் எத்தினையோ கிடக்கு. கட்டாரால வந்த ஆக்கள் கொண்டு வந்தது, கனடா மாமா அனுப்பினது, கொழும்பில பாவிச்சதா வாங்கினது எண்டு. பெரும்பாலும் அலுமாரிக்குள்ளதான். ஸ்கூல் லீவுக்கு மட்டும் வெளிய வரும். இதுகள பேக்கப் எடுக்கிறதப் பற்றி வட்சப் குரூப்புகள்ல துண்டு துண்டா கதைக்கிறம், ரெண்டு நாளில அது மேல போயிடுது. ஒரே இடத்தில கிடந்தா தேடி எடுக்கலாம் எண்டுதான் இந்த இழைய தொடங்குறன்.

ஏன் இப்ப அவசரம் எண்டா, 3டிஎஸ்ஸின்ட ஒன்லைன் கடையான ஈஷொப்பில வாங்கிறத நின்டெண்டோ 2023 மார்ச் 27ஓட நிப்பாட்டிட்டு. 2024 ஏப்ரலில ஒன்லைன் விளையாட்டும் முடிஞ்சுது. முந்தி காசு குடுத்து வாங்கினத திரும்ப இறக்க இன்னும் ஏலும், புதுசா வாங்க ஏலா. பிஎஸ்பியில மிச்சமிருந்த வாங்கிற வசதியும் 2021 ஜூலையோட முடிஞ்சுது. மெசின் பழுதாகிப் போனா, போனது போனதுதான்.

நான் சொல்ல வாற விசயம் ஒண்டுதான். பேக்கப் எண்டவுடன எல்லாரும் கேமைத்தான் நினைக்கிறாங்க. என்னைக் கேட்டா கேம் மூண்டாவது. மெசினில செருகிற உங்கட காட்ரிட்ஜில இருக்கிற கேமும் ஜப்பான்லயோ லண்டன்லயோ அதே பதிப்ப வச்சிருக்கிற ஆளிட்ட இருக்கிறதும் ஒரே பைட்டுகள்தான். தொலைஞ்சா இன்னொண்டு தேடி வாங்கலாம். உங்கட சேவ் பைல், அதாவது நீங்க விளையாடின அளவப் பதிஞ்சு வைக்கிற பைல், உலகத்தில ஒரே ஒரு இடத்திலதான் இருக்கு. என்ட தங்கச்சி ஓஎல் காலத்தில இருந்து வளர்த்த போக்கிமொன் டீமை எந்தக் கடையிலயும் வாங்க ஏலா. அதே மாதிரி ஒவ்வொரு 3டிஎஸ்ஸுக்கும் அந்த மெசினுக்கு மட்டுமே உரிய மறைகுறித் திறப்புகள் உள்ளுக்குள்ள இருக்கு. அது ரெண்டாவது.

ஆகவே ஒழுங்கு இப்பிடி. பூட்9ஸ்ட்ராப்பும் லூமா3டிஎஸ்ஸும் (நின்டெண்டோ அனுமதிக்காத மென்பொருளையும் மெசினில ஓட விடுற நிரல்கள்) ஏத்தின 3டிஎஸ் உங்களிட்ட இருக்கு எண்டு வச்சுக்கொண்டு எழுதுறன். முதல்ல செக்பொயின்ட் எண்ட ஹோம்ப்ரூவ (ஆர்வலர்கள் தாங்களா எழுதின மென்பொருள்) திறங்க. மெசினில இருக்கிற எல்லாக் கேமின்ட படமும் வரும், உள்ள போட்டிருக்கிற காட்ரிட்ஜும் அதில தெரியும். ஒண்டத் தெரிவு செய்து பேக்கப் குடுத்தா எஸ்டி காட்டில 3டிஎஸ் போல்டருக்குள்ள செக்பொயின்ட், அதுக்குள்ள சேவ்ஸ் எண்ட இடத்தில கேம் பேரோட போய் இருக்கும். திகதியப் பேரா வையுங்க. ஒரு கேமுக்கு ஒரு நிமிசமும் போகாது.

ரெண்டாவது, மெசின நிப்பாட்டிட்டு ஸ்டார்ட் பட்டனை அமத்திப் பிடிச்சபடி போடுங்க, கோட்மோட்9 எண்ட, பைல்களக் கையாளுற மென்பொருள் வரும். ஹோம் பட்டன், ஸ்கிரிப்ட்ஸ், மெகாஸ்கிரிப்ட், பேக்கப் ஒப்ஷன்ஸ், அதில சிஸ்நாண்ட் (மெசின்ட உள் நினைவகம்) பேக்கப். பழைய 3டிஎஸ்ஸில 1 ஜிபிக்கு கொஞ்சம் குறைவா, நியூ 3டிஎஸ்ஸில 1.2 ஜிபி அளவில ஒரு பைல் வரும். அதோட மெசினுக்குரிய திறப்புகள் அடங்கின, எசென்ஷல் எண்டு பேர் வச்ச சின்ன பைல் ஒண்டையும் அதே கோட்மோட்9ல எடுக்கலாம். ரெண்டையும் உடனயே லப்டொப்புக்கு மாத்துங்க.

கேம் கடைசி. காட்ரிட்ஜப் போட்டு கோட்மோட்9ல கேம்காட் எண்டு தெரியிற டிரைவுக்குள்ள போங்க. 3டிஎஸ் எண்டு முடியிற பைல்தான் கேம். அதை ஏ பட்டன் அமத்தி அவுட் போல்டருக்கு கொப்பி குடுங்க. 3டிஎஸ்ஸுக்கு முந்தின டிஎஸ் மெசின்ட காட்ரிட்ஜ் எண்டா என்டிஎஸ் எண்டு முடியும், பக்கத்தில சேவ் பைலும் தனியாக் கிடக்கும், அதையும் விடாதீங்க.

ஒரு எச்சரிக்கை. மெசின்ட உள் நினைவகத்தில எழுத அனுமதி கேட்டு, அம்புக்குறிகள வரிசையா அமத்தச் சொல்லி ஒரு திரை வந்தா, நிப்பாட்டிட்டு என்ன செய்யுறம் எண்டு வாசிங்க. டம்ப் எடுக்கிற (உள்ள இருக்கிறத அப்பிடியே பைலா கொப்பி எடுக்கிற) வேலைக்கு சிஸ்நாண்டில எழுத வேண்டிய தேவையே இல்ல.


ஆரையம்பதி_ரூபன்

அண்ணன், நல்ல வேலை. ஒரு கேள்வி. நான் ஹோம்ப்ரூ ஒண்டும் போடயில்ல. எஸ்டி காட்டக் கழட்டி அதில இருக்கிற நின்டெண்டோ 3டிஎஸ் போல்டர அப்பிடியே லப்டொப்பில போட்டு வச்சிருக்கன். 11 ஜிபி வருது. அது பேக்கப் தானே?


கல்லடியான்

தம்பி, இல்ல. இதத்தான் நிறையப் பேர் நம்பிக்கொண்டு இருக்காங்க, அதனால கொஞ்சம் விரிவா எழுதுறன்.

அந்தப் போல்டருக்குள்ள இருக்கிறதெல்லாம் உங்கட மெசின்ட திறப்பால பூட்டினது. மூவபிள் டொட் செட் எண்டு ஒரு பைல் மெசின்ட நாண்டுக்குள்ள இருக்கு, அதிலதான் அந்தத் திறப்பு இருக்கு. மெசின் உயிரோட இருக்கிற வரைக்கும் நீங்க வச்சிருக்கிற 11 ஜிபியும் நல்லம், எஸ்டி காட் பழுதானா புதுக் காட்டில போட்டு விளையாடலாம். மெசின் செத்தா? பெட்டகத்த கவனமா வீட்டில வச்சிட்டு திறப்ப வாவியில விட்ட கதைதான். வேற 3டிஎஸ்ஸில அந்தக் காட்டப் போட்டா, உள்ள ஒண்டும் இல்லாத மாதிரித்தான் காட்டும்.

இதாலதான் நாண்ட் பேக்கப்ப ரெண்டாவதா வச்சனான். அதும் எசென்ஷல் பைலும் கையில இருந்தா மெசின் போனாலும் அந்தத் திறப்ப எடுத்து, 11 ஜிபியையும் பிறகு திறக்கலாம். செக்பொயின்ட்டில எடுத்த சேவ் பைலுக்கு அந்தப் பிரச்சினையே இல்ல. அது பூட்டு கழண்டுதான் வெளிய வருது, இன்னொரு 3டிஎஸ்ஸிலயும் போடலாம், எமியுலேட்டரிலயும் (போனிலயோ கொம்பியூட்டரிலயோ அந்த மெசினப் போல கேம ஓட்டுற மென்பொருள்) போடலாம்.

இன்னொண்டு. காட்ரிட்ஜில இருந்து எடுக்கிற டம்பில அப்டேட்டும் டிஎல்சியும் (கேமுக்கு மேலதிகமா இறக்கிச் சேர்க்கிற பகுதிகள்) வராது. அதுகள் எஸ்டி காட்டில தனியா இருக்கு. கோட்மோட்9ல எஸ்டி டிரைவுக்கு மேல நிண்டு ரைட்டில் மனேஜரத் திறந்தா ஒவ்வொண்டாக் காட்டும், சிஐஏ (3டிஎஸ்ஸில ஏத்துற வடிவம்) பைலாக் கட்டி எடுக்கலாம். காசு குடுத்து வாங்கின டிஎல்சிய கட்டாயம் இப்பிடி எடுத்து வையுங்க, ஏனெண்டா அதுக்கு காட்ரிட்ஜ் எண்ட ஒண்டே இல்ல.


கல்முனை_ரிப்பெயார்

அஸ்ஸலாமு அலைக்கும், வணக்கம் எல்லாருக்கும். கல்லடியான் தம்பி சொல்றதுக்கு சாட்சி நான். போன் ரிப்பெயார்தான் தொழில், கேம் மெசினும் வரும். கடலோரம் எண்டதால இங்க வாற மெசின்ட பழுது வேற மாதிரி. விழுந்து உடைஞ்சது குறைவு. உப்புக் காத்துத்தான் கூட. சாய்ந்தமருது, நிந்தவூர், காரைதீவு எண்டு கடலுக்கு கிட்ட வீடுள்ள பிள்ளைகள்ட மெசின திறந்தா போர்டில பச்சை பூத்திரிக்கும். சாஜர் போடுற வாயில தொடங்கி பவர் சிப் பக்கம் போகும். அது ஒரு நாள்ல நிக்காது, மெல்ல மெல்ல சாஜ் ஏறாது, பிறகு ஒரு நாள் நீல லைட் எரிஞ்சு டப்பெண்டு நிக்கும். அந்தக் கட்டத்தில வந்து "காக்கா, கேமையாவது எடுத்துத் தாங்க" எண்டு கேட்டா என்னால ஒண்டும் செய்ய ஏலா. எஸ்டி காட் பளபளண்டு நல்லாத்தான் இரிக்கும். உள்ளுக்க இருக்கிறது தம்பி சொன்ன மாதிரி பூட்டினது.

காட்ரிட்ஜ் பின் பற்றி. வாயால ஊதாதீங்க. எச்சில் ஈரம் அந்தத் தங்க நிறக் கோடுகள்ல படிஞ்சு நாளாக நாளாக கறுக்கும். ஐசோப்ரொப்பைல் அல்ககோல், 90 வீதத்துக்கு மேல உள்ளத எடுத்து, காது குடையிற பஞ்சுக் குச்சில கொஞ்சமா நனைச்சு, பின் நீளவாக்கில போகுதே அந்தப் பக்கமாத் தேய்ங்க. குறுக்கால தேய்ச்சா பஞ்சு நார் மாட்டும். குச்சி கறுப்பா வரும் பாருங்க. வெள்ளையா வாற வரைக்கும் குச்சிய மாத்தி மாத்தித் தேய்ங்க. காய விட்டுப் போடுங்க. டம்ப் நடுவில நிக்கிற பிரச்சினையில பாதி இதோட தீரும்.

பிஎஸ்பி வச்சிருக்கிறவங்க இப்ப எழும்பிப் போய் பின்பக்க பற்றரி மூடியப் பாருங்க. மூடி தள்ளிக்கொண்டு நிண்டா பற்றரி ஊதியிருக்கு. சாஜ் போட வேணாம், குத்த வேணாம், நெருப்புப் பக்கம் வேணாம். கழட்டி வெளியில தனியா வையுங்க. பற்றரி இல்லாமலே சாஜர்ல பிஎஸ்பி வேலை செய்யும். டம்ப் எடுக்க அது காணும். ஆனா பேர்ம்வெயார் (மெசின்ட அடிப்படை மென்பொருள்) மாத்திறது, சிஎப்டபிள்யூ (ஆர்வலர்கள் மாத்தின பேர்ம்வெயார்) நிரந்தரமா ஏத்திறது மாதிரி வேலைய பற்றரி இல்லாம செய்யாதீங்க. கறண்ட் ஒரு செக்கன் போனாலே மெசின் கட்டையாப் போயிடும்.


மட்டுநகர்_டிசெ

எனக்கு ஒரு விசயம் விளங்கேல்ல. கல்லடியானே சொல்றார், என்ட கேமும் மத்தவன்ட கேமும் ஒரே பைட்டுகள்தான் எண்டு. அப்ப என்னத்துக்கு மினக்கெட்டு டம்ப் எடுக்கோணும்? நெட்டில இருந்து இறக்கினா போச்சு. ரவுணில 128 ஜிபி காட்டில நூற்றுக்கணக்கில கேம் போட்டுத் தாறாங்க.


கல்லடியான்

நியாயமான கேள்வி மச்சான். நான் பார்க்கிற மாதிரி மூண்டு காரணம் இருக்கு.

முதலாவது, பதிப்பு. எங்கட ஊரில 3டிஎஸ் வந்த வழிய யோசிச்சுப் பாருங்க. கனடா மாமா அனுப்பின மெசின் அமெரிக்கப் பிராந்தியம், லண்டன் சித்தி அனுப்பின காட்ரிட்ஜ் ஐரோப்பியப் பிராந்தியம். 3டிஎஸ்ஸுக்கு பிராந்தியப் பூட்டு இருக்கு, அதனால நிறையப் பேர் ஹோம்ப்ரூ போட்டதே சொந்த காட்ரிட்ஜ ஓட வைக்கத்தான். அமெரிக்கப் பதிப்பின்ட சேவ் பைல் பல கேம்கள்ல ஐரோப்பியப் பதிப்போட ஒத்துப் போகாது. உங்கட சேவ் பைலுக்கு சரியாப் பொருந்துற கேம் எது எண்டா, உங்கட காட்ரிட்ஜில இருந்து நீங்களே எடுத்ததுதான். நெட்டில இறக்கினது எந்தப் பதிப்பு, ஆர் கை வச்சது எண்டு பேர வச்சு நம்ப ஏலா.

ரெண்டாவது, உரிமை. நான் காசு குடுத்து வாங்கினதுக்குத்தான் நான் கொப்பி வைக்கிறன். எனக்கு இது பெரிய விசயம். கேம் செய்தவங்களும் உழைச்சுத்தான் செய்தாங்க.

மூண்டாவது, நீங்க சொன்ன அந்த நிரப்பின காட். அத விக்கிற இடங்கள்ல என்ன நடக்குது எண்டு ரிப்பெயார் காக்காவிட்ட கேளுங்க.


கல்முனை_ரிப்பெயார்

கேட்டதால சொல்றன். பேர் வேணாம், ஊரும் வேணாம். பிள்ளை 3டிஎஸ்ஸ கேம் ஏத்தக் குடுக்கும். அவங்க பழைய எஸ்டி காட்ட கழட்டி எறிவாங்க, இல்லாட்டி போர்மட் பண்ணிட்டு தங்கட தொகுப்ப கொட்டுவாங்க. அதில இருந்த சேவ், காசு குடுத்து ஈஷொப்பில வாங்கினது, அந்த மெசினால எடுத்த முப்பரிமாண போட்டோ எல்லாம் போகும். 3டிஎஸ்ஸின்ட வெளிப்பக்கம் ரெண்டு கெமரா இரிக்கி, பிள்ளைகள் உம்மா வாப்பாட போட்டோ எல்லாம் அதில எடுத்திருப்பாங்க. பிறகு என்னட்ட வந்து அழுறதுதான். காட் விக்கிற இடத்துக்கு மெசினக் குடுக்க முதல் எஸ்டி காட்டக் கழட்டி வீட்டில வச்சிட்டுப் போங்க. இது ஒண்டையாவது கேளுங்க.

அந்த 128 ஜிபி காட்டும் சில நேரம் 128 இல்ல. பேர் மட்டும்தான். எச்2டெஸ்ட்டபிள்யூ எண்ட இலவச மென்பொருளால முழுசா எழுதி வாசிச்சுப் பார்த்தா உண்மை தெரியும். போலிக் காட்டில எடுக்கிற பேக்கப், பேக்கப்பே இல்ல.


திருக்கோவில்_ஆசிரியை

நான் வேற பக்கத்தில இருந்து பார்க்கிறன். என்ட வகுப்புப் பிள்ளைகள்ல கேம் மெசின் இருக்கிறவங்க கொஞ்சம், அதுவும் வெளிநாட்டுச் சொந்தம் குடுத்தது. ஒரு காட்ரிட்ஜ் வாங்க டொலரில காசு கட்டோணும், வங்கிக் காட் வேணும், சுங்கம் வேணும். 2022 நெருக்கடிக்குப் பிறகு அது இன்னும் தூரம் போயிட்டு. அந்தப் பிள்ளைகளுக்கு நிரப்பின காட்தான் நூலகம். அவங்களக் கள்ளர் மாதிரிப் பேசாதீங்க எண்டு கேட்கிறன்.

அதோட, கடை மூடின பிறகு வாங்கவே வழி இல்லாத கேம்களுக்கு என்ன செய்யிறது? அமெரிக்காவில இருக்கிற வீடியோ கேம் ஹிஸ்டரி பவுண்டேசன் 2023இல ஒரு ஆய்வு வெளியிட்டது. 2010க்கு முதல் அங்க வெளிவந்த கேம்கள்ல 87 வீதம் இப்ப விற்பனையில இல்லையாம். விக்கிறவனே விக்காத ஒண்ட எப்பிடி வாங்கிறது?


கல்லடியான்

டீச்சர், பிள்ளைகள நான் கள்ளர் எண்டு சொல்லேல்ல, சொல்லவும் மாட்டன். நீங்க சொல்ற 87 வீதம்தான் என்னை இந்த வேலைக்குள்ள இழுத்தது. விக்கிறவங்க காப்பாத்தப் போறதில்ல, அப்ப வச்சிருக்கிற நாங்கதான் எங்கட கையில இருக்கிறதயாவது காப்பாத்தோணும். கோவம் காட் விக்கிற இடத்தில. பிள்ளையின்ட சேவ் பைல எடுத்துக் குடுத்திட்டு காட்ட மாத்திறதுக்கு அவங்களுக்கு பத்து நிமிசம் போகாது. அதச் செய்யாம காசு வாங்கிறாங்களே, அதத்தான் என்னால பொறுக்க ஏலாமக் கிடக்கு.


வந்தாறுமூலை_சட்டம்

சட்டம் படிக்கிறன், அதனால இந்த இடத்தில ஒரு விசயம் தெளிவாக்கிறன். இலங்கையில இதுக்குப் பொருந்துறது 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்க புலமைச் சொத்துச் சட்டம். அதில 12ஆம் பிரிவு நியாயமான பாவனை பற்றியும் விதிவிலக்குகள் பற்றியும் கதைக்குது. கணினி நிகழ்ச்சி ஒண்டின் பிரதிய சட்டப்படி வச்சிருக்கிறவர், அது தொலைஞ்சா, அழிஞ்சா, பாவிக்க ஏலாமப் போனா ஈடு செய்யிறதுக்கெண்டு ஒரே ஒரு பிரதி காப்பா வச்சிருக்கலாம் எண்டு அதில இருக்கு. மூலப் பிரதிய வச்சிருக்கிற உரிமை முடிஞ்சா, காப்புப் பிரதியையும் அழிக்கோணும்.

இதின்ட நடைமுறை அர்த்தம்: காட்ரிட்ஜ வித்தா டம்பையும் அழிக்கோணும். கூட்டாளிக்கு கொப்பி குடுக்க ஏலா, அவன் எவ்வளவு நல்ல கூட்டாளியா இருந்தாலும்.

ஆனா மறுபக்கமும் இருக்கு. பாதுகாப்புப் பூட்ட உடைக்கிறதுக்கெண்டு கருவிகள விக்கிற நோக்கத்தோட செய்யிறதையும் இறக்குமதி செய்யிறதையும் அதே சட்டம் தடுக்குது. நீங்க வீட்டில உங்கட மெசினில செய்யிறதும், ஒருத்தர் கடை போட்டு அதை விக்கிறதும் சட்டத்துக்கு முன்னால ஒண்டில்ல. நீதிமன்றத்தில இதையெல்லாம் எப்பிடிப் பார்ப்பாங்க எண்டு நான் தீர்ப்புச் சொல்ல வரல்ல, சட்டத்தில எழுதியிருக்கிறதச் சொன்னன்.


வாழைச்சேனை_ஷிபா

பிஎஸ்பி பற்றி ஆரும் முழுசா எழுதேல்ல, நான் எழுதுறன். என்ட காக்கா கட்டார்ல இருந்து கொண்டு வந்த 3000 மொடல், யூஎம்டி (பிஎஸ்பி கேம் வாற சின்ன டிஸ்க்) ஒரு பெட்டி நிறைய இருக்கு.

முதல் நல்ல செய்தி. பிஎஸ்பி சேவ் பைலுக்கு ஹோம்ப்ரூவே தேவையில்ல. யூஎம்டியில எழுத ஏலா, அதனால சேவ் எல்லாம் மெமரி ஸ்டிக்கிலதான். கேபிளப் போட்டு யூஎஸ்பி கனெக்ஷன் குடுத்தா கொம்பியூட்டர்ல டிரைவ் வரும். பிஎஸ்பி போல்டர், அதுக்குள்ள சேவ்டேட்டா. முழுப் போல்டரையும் கொப்பி பண்ணுங்க. அதைப் பிபிஎஸ்எஸ்பிபி எமியுலேட்டரில அதே பேர்ப் போல்டர்ல போட்டா போனிலயே விட்ட இடத்தில இருந்து விளையாடலாம், நான் அப்பிடித்தான் விளையாடுறன். கேபிள் எண்டா மினி யூஎஸ்பி, பழைய டிஜிட்டல் கெமராவுக்கு வாறது. போன் கேபிள் பொருந்தாது.

கேம எடுக்கத்தான் சிஎப்டபிள்யூ வேணும். 6.60 இல்லாட்டி 6.61 பேர்ம்வெயார்ல ஆர்க்-4 எண்ட சிஎப்டபிள்யூ போடலாம். பிறகு முகப்புத் திரையில செலக்ட் பட்டன அமத்தினா சின்ன மெனு ஒண்டு வரும். அதில யூஎஸ்பி டிவைஸ் எண்டத யூஎம்டி டிஸ்க் எண்டு மாத்துங்க. இப்ப கேபிளப் போட்டா கொம்பியூட்டர்ல ஒரு ஐஎஸ்ஓ பைல் (முழு டிஸ்க்கின்ட பிரதி) தெரியும். அதை இழுத்து வைக்கிறதுதான் வேலை. யூஎம்டி அதிகம் 1.8 ஜிபி, அதனால பைல் பெரிசு எண்டு எங்கயும் முட்டாது. வேகம் குறைவு, பொறுமையா விடுங்க. எடுத்தத மெமரி ஸ்டிக்கில ஐஎஸ்ஓ எண்ட போல்டர்ல போட்டா யூஎம்டி போடாமலே ஓடும். டிஸ்க் சுத்தாததால பற்றரியும் கூட நேரம் நிக்கும், லென்ஸும் தேயாது.

யூஎம்டி வச்சிருக்கிறவங்க கவனிக்க வேண்டியது அதின்ட பிளாஸ்டிக் கூடு. முன்பக்கம் கண்ணாடி மாதிரி ஒண்டு, பின்பக்கம் வெள்ளை ஒண்டு, ரெண்டையும் பசையால ஒட்டியிருக்கு. எங்கட வெக்கைக்கு அந்தப் பசை விடும். விளிம்பில நகத்த வச்சா வாய் திறக்குது, உள்ள டிஸ்க் கலகலண்டு ஆடுது. அந்த நிலையில மெசினுக்குள்ள போட்டா சுத்தேக்குள்ள உரசும், சில நேரம் உள்ளயே மாட்டும். விளிம்பச் சுத்தி மெல்லிசா ஒட்டி, டிஸ்க் சுகமாச் சுத்துதா எண்டு விரலால பார்த்திட்டுப் போடுங்க. டிஸ்க்கில பசை படவே கூடாது. இந்த மாதிரி ஆடுற யூஎம்டிகளத்தான் நான் முதல்ல டம்ப் எடுத்தன், நல்லது காத்திருக்கும்.


களுவாஞ்சிக்குடி_கேம்போய்

ஷிபா, இது அருமை. நான் இன்னும் பின்னால போறன், நின்டெண்டோவின்ட பழைய கேம்போய் மெசினுக்கு. என்னட்ட போக்கிமொன் கோல்ட் காட்ரிட்ஜ் இருக்கு, 2000ஆம் ஆண்டுப் பக்கம் வாங்கினது. சேவ் இன்னும் இருக்கு எண்டு நேற்றுப் பார்த்தன். உள்ள பற்றரி இருக்காமே, அத மாத்தட்டா?


கல்லடியான்

மாத்தாதீங்க! முதல்ல சேவ் பைல வெளிய எடுங்க. கோல்ட், சில்வர், கிறிஸ்டல் மூண்டிலயும் சேவ் பைல உயிரோட வச்சிருக்கிறதே அந்த சீஆர்2025 பற்றரிதான். அத ஒரு கணம் கழட்டினாலும் சேவ் போயிடும். இவ்வளவு காலம் நிண்டதே பெரிய விசயம், நாளைக்கு நிக்குமா எண்டு தெரியாது.

கேம்போய் அட்வான்ஸில வந்த ரூபி, சபையர், எமரல்ட்டில கதை வேற. அதில இருக்கிற பற்றரி மணிக்கூட்டுக்கு மட்டும்தான், சேவ் பிளாஷ் சிப்பில இருக்கு. பற்றரி செத்தா கேமுக்குள்ள பெர்ரி மரம் வளராது, சேவ் பத்திரமா இருக்கும்.

எடுக்கிற வழி: யூஎஸ்பியில போடுற காட்ரிட்ஜ் ரீடர் விக்கிறாங்க, ஜிபிஎக்ஸ்காட் எண்டு ஒண்டு பேர் போனது. கேம்போய், அட்வான்ஸ் ரெண்டையும் வாசிக்கும். அட்வான்ஸ் காட்ரிட்ஜ் மட்டும் எண்டா, டிஎஸ் லைட்டில கீழ இருக்கிற பெரிய வாயில போட்டு, மேல பிளாஷ்காட்டில (ஹோம்ப்ரூ ஓட்டுறதுக்கெண்டு வாற காட்ரிட்ஜ்) இருந்து கோட்மோட்9ஐ எண்ட ஹோம்ப்ரூவ ஓட விட்டும் எடுக்கலாம். பழைய கேம்போய் காட்ரிட்ஜ் அந்த வாயில வேலை செய்யாது, உங்கட கோல்டுக்கு ரீடர்தான் வழி. ரீடர் கல்லடியில என்னட்ட இருக்கு. இன்பொக்ஸில வாங்க, கொண்டு வந்தா எடுத்துத் தாறன், காசு வேணாம். அதுவரைக்கும் அந்தக் காட்ரிட்ஜத் திறக்கவே வேணாம்.


காத்தான்குடி_நவ்பல்

நின்டெண்டோ ஸ்விட்ச்சுக்கும் இதே மாதிரி செய்யலாமா?


கல்லடியான்

2018 நடுப்பகுதிக்கு முதல் வந்த மெசின்கள்ல மென்பொருளால ஏலும், அதுக்குப் பிறகு வந்ததுக்கு உள்ள சிப் ஒட்டோணும். பிடிபட்டா ஒன்லைனில இருந்து வெட்டுவாங்க. ஸ்விட்ச் கடை இன்னும் திறந்துதான் இருக்கு, ஒன்லைன் சந்தா இருந்தா பெரும்பாலான கேமின்ட சேவ் கிளவுட்டுக்குப் போகுது. இப்ப அவசரம் இல்ல. இந்த இழைய கடை மூடின மெசின்களுக்கு வச்சுக்கொள்ளுவம்.


அக்கரைப்பத்து_ஜவா

டம்ப் எடுத்தது சரியா பிழையா எண்டு எப்பிடித் தெரியும்? நான் 3டிஎஸ் கேம் ஒண்ட எடுத்தன், எமியுலேட்டரில ரெண்டாவது கட்டம் வரைக்கும் ஓடுது, பிறகு நிக்கிது.


கல்லடியான்

ஓடுது எண்டது சான்று இல்ல. ஒரு மூலையில பத்து பைட் பிழைச்சிருந்தாலும் அந்த இடத்துக்குப் போற வரைக்கும் தெரியாது.

ஒரே காட்ரிட்ஜ ரெண்டு தரம் டம்ப் எடுத்து ரெண்டின்ட ஹேஷையும் (பைலின்ட உள்ளடக்கத்தில இருந்து கணக்கிட்டு வாற அடையாள இலக்கம்) ஒப்பிடுங்க. கோட்மோட்9லயே எஸ்எச்ஏ எண்ட ஹேஷ் கணக்கிடுற வசதி இருக்கு. லப்டொப்பில எண்டா செவன்ஸிப் போட்டிருந்தா பைலில வலது கிளிக் பண்ணி எடுக்கலாம். ரெண்டு இலக்கமும் ஒண்டா வந்தா நல்ல டம்ப். வேற வேறயா வந்தா காட்ரிட்ஜ் பின்தான், காக்கா சொன்ன மாதிரி துடைச்சிட்டுத் திரும்ப. நடுவில விளையாட வேணாம், ஏனெண்டா சில 3டிஎஸ் காட்ரிட்ஜில சேவும் கேம் இருக்கிற அதே சிப்பிலதான் எழுதுப்படுது, விளையாடினா ஹேஷ் மாறும். இன்னும் உறுதி வேணுமெண்டா காட்ரிட்ஜுக்கு நோ-இன்ட்ரோ, டிஸ்க்குக்கு ரீடம்ப் எண்டு ரெண்டு பட்டியல் தளம் இருக்கு. உலகத்தில பல பேர் தங்கட காட்ரிட்ஜில இருந்து எடுத்த ஹேஷ் அதில இருக்கு. அவங்கட இலக்கத்தோட உங்கட இலக்கம் ஒத்துப் போனா பிறகு சந்தேகமே இல்ல.


ஆரையம்பதி_ரூபன்

அண்ணன், நான் இண்டைக்கு ஹோம்ப்ரூ போட்டு செக்பொயின்ட்டில எல்லாச் சேவும் எடுத்தன். நாண்டும் எடுத்தாச்சு. எங்க வைக்கிறது? எல்லாம் ஒரே லப்டொப்பிலதான் கிடக்கு.


கல்லடியான்

சந்தோசம் தம்பி. ஒரே லப்டொப்பில வச்சிட்டு விடாதீங்க. ஆரையம்பதியில மாரி வெள்ளம் எப்பிடி வரும் எண்டு உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்ல. 2004இல கடலோர வீடுகள்ல கல்யாண அல்பம் ஒண்டு கூட மிஞ்சேல்ல. வீட்டில எத்தின கொப்பி இருந்தாலும் வீடு ஒண்டுதான்.

சேவ் பைல் எல்லாம் சேர்த்தாலும் சில எம்பிதான். ஸிப் பண்ணி இலவச கிளவுட் ஒண்டில ஏத்துங்க, போனிலயும் ஒரு கொப்பி வையுங்க. நாண்டும் எசென்ஷல் பைலும் ஒரு பென்டிரைவில போட்டு, மெசின்ட சீரியல் இலக்கத்த பிளாஸ்டரில எழுதி ஒட்டி, ஊருக்குள்ள மேட்டு நிலத்தில இருக்கிற சொந்தக்காரர் வீட்டில குடுத்து வையுங்க. சீரியல் எழுதாம விட்டா ரெண்டு மெசின் வச்சிருக்கிற வீட்டில எது எதின்ட எண்டு தெரியாமப் போகும், ஒண்டின்ட நாண்ட இன்னொண்டில ஏத்தவும் கூடாது. கேம் டம்ப் பெரிசு, அதுக்கு ஒரு ஹார்ட்டிஸ்க் காணும், தொலைஞ்சா காட்ரிட்ஜில இருந்து திரும்ப எடுக்கலாம்.


களுவாஞ்சிக்குடி_கேம்போய்

கல்லடியான் அண்ணன், இன்பொக்ஸ் போட்டிருக்கன். சனிக்கிழமை பின்னேரம் காட்ரிட்ஜோட வாறன். என்ட மச்சானிட்டயும் கிறிஸ்டல் ஒண்டு இருக்காம், அதையும் கொண்டு வரட்டா?


கல்லடியான்

கொண்டு வாங்க. அவருக்கு இப்பவே கோல் எடுத்து, பற்றரியத் தொட வேணாம் எண்டு சொல்லுங்க. வரேக்குள்ள பைல் கொண்டு போக ஒரு பென்டிரைவும் எடுத்து வாங்க.